ஓட்டைக் குழாயும் ஏட்டுச் சுரைக்காயும்

திருக்குறளில் கடவுள் வாழ்த்தை அடுத்த அதிகாரமாக வான்சிறப்பு அமைந்துள்ளது. இறைவனுக்கு அடுத்த இடம் மழைக்கு அளிக்கப்பட்டிருப்பதைத் தமிழ் மாணாக்கர் ஆண்டுதோறும் கற்கின்றனர், தேர்விலும் எழுதுகின்றனர். ஆயின், வானினின்று இறங்கிய நீர் ஆற்றிற் கலந்து, அணையில் தேங்கி, சுத்திகரிப்பு நிலையத்தில் தூய்மை பெற்று, மண்ணுக்கடியில் பல கல் தொலைவு ஓடி, வீட்டுக் குழாயை வந்தடையும் வரலாற்றை அவர்களுள் எத்துணைப் பேர் அறிவர்? வானின் சிறப்பை அறிந்த சமுதாயம் குழாயின் சிறப்பை அறியாதிருப்பது பெருங்குறையாகும்.

மலேசியத் தமிழருக்குக் குழாய்நீரின் அருமை புதிதன்று. தோட்டத்து லயங்களில் வாழ்ந்த முந்தைய தலைமுறைப் பெண்கள் பெரட்டுக்குச் செல்லுமுன் இருட்டிலேயே பொதுக்குழாயடியில் வாளிகளை வரிசையில் வைத்துக் காத்திருந்தனர். தோட்டம் தனியார் நிலம் என்னுங் காரணத்தால் சுத்திகரிக்கப்பட்ட அரசாங்கக் குழாய்நீர் பல தோட்டங்களுக்குப் பல்லாண்டுகள் எட்டாமலேயே இருந்தது. நகரங்களிலோ, குழாய் புதைக்கப் பள்ளம் வெட்டிய தொழிலாளருள் தமிழர் பலர் இருந்தனர். எனவே, நீர் விநியோகத் துறையில் நிகழும் மாற்றம் எதுவாயினும் அது தமிழருக்குத் தொடர்பற்றது என்று ஒதுக்கிவிடுதல் பொருந்தாது.

அத்துறையில் இன்று பெருமாற்றம் ஒன்று நிகழ்ந்து வருகின்றது. மின்னிலக்கத் தொழில்நுட்பம் நீர்மானியிலும், குழாயிலும், நிலையத்திலும் புகுந்துவிட்டது. இத்தொழில்நுட்பம் வந்துவிட்டால் நீர்த்தடையும் நீர்விரயமும் தாமே மறைந்துவிடும் என்று பேசுவோர் பெருகிவிட்டனர். கருவி விற்போர் அவ்வாறு பேசுதல் இயல்பே. ஆனால், கற்றவரும் அதனையே திருப்பிக் கூறுவதுதான் வருந்தத்தக்கது. அளந்தறிதல் வேறு, அடைத்துக் காத்தல் வேறு. முன்னது கண்ணின் வேலை; பின்னது கையின் வேலை. கையைக் கட்டிவைத்துவிட்டுக் கண்ணுக்கு மட்டும் மை தீட்டுவது எவ்வகையிலும் சீர்திருத்தம் ஆகாது.

கருவி செய்யும் பணி

குறை கூறுமுன் கருவியின் பெருமையை உள்ளவாறு உரைப்பதே முறை. பழைய நீர்மானியினுள் நீர் பாயும்போது சிறு சக்கரமோ தட்டோ சுழலும். அச்சுழற்சியே எண்ணாகப் பதியும். புதியவகை நீர்மானிகள் பலவற்றில் சுழலும் உறுப்பே இல்லை. நீரோட்டத்தின் திசையிலும் அதற்கு எதிர்த்திசையிலும் மீயொலி அலைகளைச் செலுத்தி, இரண்டிற்குமிடையே உள்ள நேர வேறுபாட்டினின்று நீரின் விரைவை அவை கணிக்கின்றன. கணித்ததைக் கம்பியின்றி நிலையத்திற்கு அனுப்பியும் விடுகின்றன.

சிங்கப்பூரில் பொதுப் பயனீட்டுக் கழகம் 2022ஆம் ஆண்டில் முதற்கட்டமாக 300,000 விவேக நீர்மானிகளைப் பொருத்தும் திட்டத்தைத் தொடங்கியது. அதற்கு முன் இரு மாதங்களுக்கு ஒருமுறை ஊழியர் நேரில் வந்து எண்ணைக் குறித்துச் செல்வதே வழக்கமாக இருந்தது. கழிவறைத் தொட்டியில் ஒழுக்கு ஏற்பட்டால் கட்டணச் சீட்டு வரும்வரை குடும்பத்தார் அதனை அறியார். புதிய நீர்மானியோ ஒரு நாளைக்குப் பலமுறை கணக்கனுப்புகின்றது; ஓயாத ஓட்டம் தென்பட்டால் வீட்டாருக்கு எச்சரிக்கை செல்கின்றது. இஃது ஏழைக் குடும்பத்திற்கும் பயன் தருவதே.

வீதிக் குழாய்களின் நிலையும் இவ்வாறே. ஊரைச் சிறு வட்டாரங்களாகப் பிரித்து, ஒவ்வொரு வட்டாரத்தின் நுழைவாயிலிலும் ஒரு பெரிய நீர்மானியைப் பொருத்துகின்றனர். ஊர் உறங்கும் அதிகாலை 2 மணிக்கும் 4 மணிக்கும் இடையில் நீரின் தேவை மிகக் குறைவு. அந்நேரத்திலும் வட்டாரத்திற்குள் நீர் மிகுதியாகப் புகுமாயின், அஃது எங்கோ மண்ணுக்குள் வீணாகின்றது என்பது பொருள். கசியும் நீர் குழாய்ச் சுவரில் ஒருவகை ஓசையை எழுப்பும். முன்னாளில் ஊழியர் நள்ளிரவில் வீதியில் நின்று, கேட்புக் கோலின் ஒரு முனையை வால்வின்மீது ஊன்றி, மறுமுனையைக் காதில் வைத்து அவ்வோசையைக் கேட்டனர். இன்று அதே பணியை உணர்கருவிகள் உறங்காமல் செய்கின்றன. சிங்கப்பூரின் நீர்க்குழாய்களில் 300க்கும் மேற்பட்ட உணர்கருவி நிலையங்கள் நீரழுத்தம் முதலியவற்றை அளந்து அனுப்பி வருகின்றன.

இவையனைத்தும் போற்றத்தக்கவை. ஆயினும், இவற்றுள் எதுவும் ஒரு குழாயையேனும் மாற்றவில்லை. ஒரு துளையையேனும் அடைக்கவில்லை என்பதை மறத்தல் ஆகாது. இரவில் அழுத்தத்தைத் தானே குறைக்கும் வால்வுகள் உண்டு. அவை கசிவின் வேகத்தைத் தணிக்கும். ஆனால் காய்ச்சலைத் தணித்தல் நோயைத் தீர்த்தல் ஆகாது.

எட்டு வாளியில் மூன்று

மலேசியாவில் சுத்திகரித்து அனுப்பப்படும் நீரில் வருவாய் தராமற்போகும் பங்கு 2022ஆம் ஆண்டில் ஏறத்தாழ 37 விழுக்காடு ஆகும். எட்டு வாளி நீரைத் தூய்மை செய்து அனுப்பினால் ஏறக்குறைய மூன்று வாளிக்குக் கணக்கில்லை என்பதே இதன் பொருள். பினாங்கில் இவ்விழப்பு 30 விழுக்காட்டிற்கும் குறைவு. பெர்லிசிலோ 60 விழுக்காட்டைக் கடந்தது. ஒரே நாடு, ஒரே சட்டம். இழப்பு மட்டும் இருமடங்கு வேறுபடுகின்றது.

இவ்விழப்பு முழுவதும் கசிவன்று. திருட்டு இணைப்பும், தேய்ந்த நீர்மானியின் பிழைக் கணக்கும் அதனுள் அடங்கும். எனினும் பெரும்பங்கு மண்ணுக்கடியில் நிகழும் கசிவே. இதற்குக் காரணம் மறைபொருள் அன்று. அரை நூற்றாண்டுக்கு முன் புதைக்கப்பட்ட கல்நார்ச் சிமெண்டுக் குழாய்கள் இன்றும் ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் நீளத்திற்கு நாட்டின் மண்ணுக்கடியில் கிடக்கின்றன. மண் சற்று நகர்ந்தாலும், மேலே பளுவுந்து ஓடினாலும், அழுத்தம் திடீரென உயர்ந்தாலும் அவை உடைகின்றன. ஓரிடத்தில் ஒட்டினால் பத்தடி தள்ளி மீண்டும் உடைகின்றன. இக்குழாய் எங்கே உடைந்தது என்பதைக் கருவி நொடியில் கூறிவிடலாம். 'உடையும் குழாயை இன்னும் ஏன் வைத்திருக்கின்றீர்?' என்று கருவி கேட்பதில்லை. அதனைக் கேட்க வேண்டியவர் மக்கள்.

இங்கே கூர்ந்து நோக்கத்தக்க நுட்பம் ஒன்று உண்டு. தேய்ந்த நீர்மானி பெரும்பாலும் ஓடிய நீரைவிடக் குறைவாகவே காட்டும். அதனை அகற்றிப் புதியதைப் பொருத்தினால் அதே வீட்டில், அதே நீருக்கு, கட்டணம் உயரும். 'வருவாய் தரா நீர்' என்னும் கணக்கும் உடனே குறையும். ஆண்டறிக்கையில் வரைகோடு கீழிறங்கும். பாராட்டு விழாவும் நடைபெறலாம். ஆனால் மண்ணுக்கடியில் ஒரு சொட்டு நீரேனும் மிச்சமாயிற்றா? இல்லை. ஏட்டில் இழப்புக் குறைந்தது, மண்ணில் குறையவில்லை. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்று முன்னோர் கூறியது இத்தகைய கணக்குக்கே மிகவும் பொருந்தும். பயன்படுத்திய நீருக்கு உரிய கட்டணம் செலுத்துதல் நேர்மையே. அதனை யாரும் மறுப்பதற்கில்லை. ஆனால், வீட்டுக்குள் ஓடும் நீரைத் துளித்துளியாய் அளக்கும் கூர்மை, வீதியில் வீணாகும் நீரின்மீதும் பாய வேண்டுமன்றோ?

2024 பிப்ரவரி முதல் நாளன்று தீபகற்பத்திலும் லாபுவானிலும் வீட்டுப் பயனீட்டாளரின் நீர்க்கட்டணம் கன மீட்டருக்குச் சராசரியாக 22 சென் உயர்த்தப்பட்டது. கட்டணம் மிகக் குறைவாயிருந்தால் குழாய் மாற்றப் பணமிராது என்னும் வாதத்தில் உண்மையுண்டு. அவ்வாறாயின், அப்பணத்தால் எத்தனை கிலோமீட்டர்ப் பழைய குழாய் மாற்றப்பட்டது என்று கேட்கும் உரிமையும் மக்களுக்கு உண்டு.

முதலிற் குழாய், பின்னரே கருவி

சிங்கப்பூரைப் பாருங்கள் என்று கருவியைப் போற்றுவோர் கூறுவர். பார்ப்பதே நன்று, முழுவதும் பார்ப்பது அதனினும் நன்று. சிங்கப்பூர் 1980களிலேயே உட்பூச்சற்ற பழைய வார்ப்பிரும்புக் குழாய்களையும் துருப்பிடித்த இணைப்புக் குழாய்களையும் தோண்டியெடுத்து மாற்றும் பணியில் இறங்கிவிட்டது. 1990இல் 9.5 விழுக்காடாக இருந்த கணக்கில் வாராத நீர், 2000ஆம் ஆண்டுகளின் நடுப்பகுதிக்குள் 5 விழுக்காட்டளவுக்குக் குறைந்தது. விவேக நீர்மானி வீடுகளுக்கு வருவதற்குப் பல்லாண்டுகளுக்கு முன்பே நிகழ்ந்த சாதனை இது. மண்வெட்டி முதலில் சென்றது. மின்னிலக்கம் பின்னர் வந்தது. இவ்வரிசையை மாற்றிக் கூறுவோர் வரலாற்றைத் தலைகீழாக்குகின்றனர்.

செல்வம் மிக்க நகருக்கு அஃது எளிது என்பாரும் உளர். அவர்களுக்குக் கம்போடியத் தலைநகரம் விடையளிக்கின்றது. போரினால் சிதைந்த புனோம்பென் நகரில் 1993ஆம் ஆண்டில் நீரில் 72 விழுக்காடு கணக்கின்றிப் போயிற்று. அவ்வாண்டு நீர் வழங்கு நிறுவனத்தின் பொறுப்பை ஏற்ற எக் சொன் சான் என்னும் பொறியியலாளர் ஊழலை ஒழித்தார்; இணைப்புதோறும் நீர்மானி பொருத்தினார்; அதிகாரம் படைத்தோரும் கட்டணம் செலுத்த வேண்டும் என்று நிலைநாட்டினார்; பழைய குழாய்களை மாற்றினார்; இரவும் பகலும் கசிவைத் தேடி அடைக்கும் குழுக்களை அமைத்தார். அந்நகரின் இழப்பு 2008க்குள் 6 விழுக்காட்டளவாகச் சுருங்கியது. 2006இல் அவருக்கு இரமோன் மகசேசே விருது கிட்டியது. நேர்மையும் உழைப்பும் அடித்தளமாக அமைந்தபின் எக்கருவியும் பயன் தரும். அவை இல்லாத இடத்தில் எக்கருவியும் அணிகலனே.

கண்ணும் கையும்

கசிவில் மட்டுமன்று, காவலிலும் இவ்வுண்மையே விளங்குகின்றது. 2020 செப்டம்பரில் ரவாங் வட்டாரத்து ஆற்றில் கழிவு கலந்ததால் சிலாங்கூர் ஆற்றை நம்பியிருந்த நான்கு சுத்திகரிப்பு நிலையங்கள் மூடப்பட்டன. கிள்ளான் பள்ளத்தாக்கில் பத்து இலட்சத்திற்கும் மேற்பட்ட கணக்குதாரர்களுக்கு நீர் தடைபட்டது. கூர்மையான உணர்கருவி ஆற்றில் அமைந்திருந்தால் நிலையத்தைச் சற்று முன்னதாக மூடலாம். ஆனால் கழிவைக் கொட்டும் கையை அக்கருவி தடுக்குமா? அதற்கு வேண்டியவை ஆற்றங்கரைக் காவலும், தளர்வற்ற சட்டமும், தண்டிக்கும் துணிவுமே.

2023 நவம்பரில் அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்து அலிகிப்பா என்னும் சிற்றூரில், நீரழுத்தத்தை ஒழுங்கு செய்யும் நிலையமொன்றின் கட்டுப்பாட்டுக் கருவியை அயலார் இணையவழியே கைப்பற்றினர். அவ்வகைக் கருவிகள் பல, தொழிற்சாலையில் இட்ட கடவுச்சொல்லை மாற்றாமலேயே பயன்படுத்தப்பட்டு வந்தமை பின்னர் வெளிப்பட்டது. அலிகிப்பா மக்களுக்கு நீர் நிற்கவில்லை. ஏன்? ஊழியர்கள் கருவியைத் துண்டித்துவிட்டுக் கையாலேயே நிலையத்தை இயக்கினர். கையால் இயக்கத் தெரிந்தவர் அன்று அங்கே இருந்தனர். எல்லாம் தானியங்கி ஆகிவிட்டது எனக் கூறி அத்தகையோரை வீட்டுக்கு அனுப்பிவிட்ட ஊரில் அதே நிகழ்ச்சி நேர்ந்தால் விளைவு யாதாகும்?

கருவியை முற்றும் வெறுப்போரும் உளர். மீட்டர் பார்ப்பவரின் வேலை பறிபோகும்; ஆதலின் பழைய முறையே தொடரட்டும் என்பது அவர்தம் வாதம். அவ்வச்சத்தை ஏளனம் செய்தல் தகாது. வெயிலிலும் மழையிலும் தெருத்தெருவாய் நடந்து, நாய்க்கடிக்கும் அஞ்சாது எண்ணைக் குறித்துவந்த ஊழியரின் குடும்பத்திற்கு அஃது உலைநீர்ச் சிக்கல். எனினும் வாசல்தோறும் சென்று எண்ணைக் குறித்தல் மனித ஆற்றலின் உயர்ந்த பயன்பாடன்று. எந்தச் சந்தில் எந்தக் குழாய் செல்கின்றது, எந்த வீட்டு முற்றம் எப்போதும் ஈரமாயிருக்கின்றது என்பதை ஆண்டுக்கணக்காய் நடந்தறிந்தவர் அவர். அவ்வறிவை வீணாக்காமல், அவரைக் கசிவு தேடும் பணிக்கும் பழுது நீக்கும் பணிக்கும் பயிற்றுவித்து அனுப்புவதே நேர்மையான வழி. கருவி வாங்க ஒதுக்கும் பணத்தோடு பயிற்சிக்கும் பணம் ஒதுக்காத திட்டம், மிச்சம் பிடிக்கும் திட்டமே அன்றிச் சீர்திருத்தும் திட்டம் அன்று.

ஆகவே, எந்த மின்னிலக்க நீர்த்திட்டத்தையும் மதிப்பிட இரண்டே வினாக்கள் போதும். கசிவு தெரிந்த நேரத்திற்கும் அது அடைபட்ட நேரத்திற்கும் இடையே எத்தனை மணி கழிந்தது? அவ்வாண்டில் எத்தனை கிலோமீட்டர்ப் பழைய குழாய் மாற்றப்பட்டது? எத்தனை நீர்மானி பொருத்தப்பட்டது, எத்தனை பேர் கைப்பேசிச் செயலியைப் பதிவிறக்கினர் என்பன இரண்டாந்தர வினாக்கள். வட்டாரந்தோறும் இவ்விரு விடைகளையும் மக்கள் அறிய வெளியிடுதல் கருவி கைவந்த காலத்தில் அரிதன்று. எண்களைச் சேர்க்க இயலும், வெளியிட மட்டும் இயலாது என்பது ஏற்கத்தக்கதன்று.

தமிழ்ப்பள்ளியின் கடமை

இவ்வினாக்களை யார் கேட்பர்? எண்ணைப் படிக்கத் தெரிந்தவரே கேட்பர். இங்குதான் தமிழ்ப்பள்ளியின் கடமை தொடங்குகின்றது. மலேசியாவில் 2003ஆம் ஆண்டு அறிவியலும் கணிதமும் ஆங்கிலத்திற்கு மாற்றப்பட்டன. அக்கொள்கையைக் கைவிடும் முடிவு 2009இல் அறிவிக்கப்பட்டது. 2016இல் இருமொழித் திட்டம் என்னும் பெயரில் விவாதம் மீண்டும் எழுந்தது. இவ்வாதங்களில் தமிழ் அறிவியலுக்கு ஏற்ற மொழி என்று மேடையில் முழங்கியோர் பலர். ஆனால் நீரழுத்தம், கன மீட்டர், மீயொலி, உணர்கருவி ஆகிய சொற்களை வகுப்பறையில் நாள்தோறும் ஆண்டவர் எத்தனை பேர்? மேடையில் ஆளப்படும் மொழி வாழாது. வேலையில் ஆளப்படும் மொழியே வாழும்.

இதற்குப் பெருஞ்செலவு வேண்டியதில்லை. பள்ளியின் வாயிலருகே ஒரு நீர்மானி இருக்கின்றது. வெள்ளிக்கிழமை பள்ளி முடிந்து எல்லாக் குழாய்களையும் மூடியபின், தொட்டி நிரம்பியிருப்பதையும் உறுதி செய்துகொண்டு, மாணாக்கர் இருவர் அதன் எண்ணைக் குறிக்கட்டும். திங்கட்கிழமை காலை எவரும் குழாயைத் திறக்குமுன் மீண்டும் குறிக்கட்டும். எண் மாறியிருந்தால் பள்ளிக்குள் கசிவு உண்டு. நகரின் பெரிய கணினிகள் நள்ளிரவில் செய்யும் ஆய்வும் இதுவே. அளவு மட்டுமே வேறு.

நொடிக்கு ஒரு சொட்டு ஒழுகும் குழாய் ஒரு நாளில் 86,400 சொட்டுகளைச் சிந்தும். 20 சொட்டு ஒரு மில்லிலிட்டர் எனக் கொண்டால், அது நாளொன்றுக்கு 4.32 லிட்டர், ஆண்டொன்றுக்கு ஏறத்தாழ 1,577 லிட்டர். இக்கணக்கை நான்காம் ஆண்டு மாணவனும் போடலாம். போட்டபின், குழாயின் தேய்ந்த வாஷரை அவனே கழற்றி மாற்றக் கற்க வேண்டும். கணக்கோடு பாடம் முடிந்துவிட்டால் அதுவும் ஏட்டுச் சுரைக்காயே. கணித்த கையே திருகுகோலையும் பிடித்தல் வேண்டும்.

மாணாக்கரின் பெற்றோர் பலர் பிள்ளைகள் மருத்துவராகவும் வழக்கறிஞராகவும் ஆவதையே விரும்புகின்றனர். விருப்பம் தவறன்று. ஆனால் குழாய்த் தொழிலைத் தாழ்ந்ததென எண்ணும் மனப்பான்மை தவறு. முன்னோர் மண்வெட்டி பிடித்த அதே துறையில் இன்று கணிதமும், மின்னணுவியலும், வேதியியலும் அறிந்த தொழில்நுட்பர் தேவைப்படுகின்றனர். அவ்விடங்கள் நிரம்பும்போது தமிழ் மாணாக்கர் வெளியில் நின்று கைப்பேசியில் கட்டணம் செலுத்துவோராக மட்டும் இருத்தல் ஆகாது.

மின்னிலக்கம் நீர்த்துறைக்குப் புதிய கண்ணைத் தந்திருக்கின்றது. அக்கண் வாழ்க. ஆனால், கண்ட பின்னும் அடைக்காத துளை, காணாத துளையினும் பெரிய குற்றமாகும். அறியாமை என்னும் சாக்கு அதற்கு இல்லை. பொதுக்குழாயடியில் இருட்டில் வாளியோடு காத்திருந்த பெண்களிடம் எந்தக் கருவியும் இல்லை. ஆயினும் ஒழுகும் குழாயைக் கண்டால் துணியைக் கிழித்தேனும் அவர்கள் இறுகக் கட்டினர். கண்டதும் செயற்பட்ட அந்தக் கைகளின் அறம் கருவிகளை ஆளுவோரிடமும், அவர்களைக் கேள்வி கேட்கும் மக்களிடமும் வேரூன்ற வேண்டும். அவ்வறத்தை வகுப்பறையில் ஊன்றுவதே தமிழாசிரியர் இவ்வேளையில் ஆற்றத்தக்க பணியாகும்.